தலையிடாப் படையின் பாலகாட் வெற்றி

மனித குலத்தின் தலையாய கண்டுபிடிப்பு சக்கரம் என்பார் சிலர். நெருப்பு என்பார் வேறு சிலர். இரு சாராரையும் நான் மரியாதையுடன் மறுக்கிறேன். தலையிடாமல் தலையிடுவதுதான் மனிதன் கண்டுபிடித்ததிலேயே தலையாயது. அந்த அருங்கலையை உலகுக்கு வழங்கியவர்கள் அமெரிக்கர்கள். ஒரு நூற்றாண்டுக்குப் பிறகு அதைக் கோலார் தங்கவயலில் பிசகில்லாமல் நிகழ்த்திக் காட்டியவர்கள் நாங்கள்.

வரலாறு தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். எனக்கும் போன சித்திரை வரை தெரியாது. ரஷ்யாவில் புரட்சி வெடித்து, புரட்சிக்காரச் சிவப்பர்களும் அதை எதிர்த்த வெள்ளையர்களும் ஒருவரையொருவர் சுட்டுக்கொண்டிருந்த 1918ஆம் ஆண்டு, அமெரிக்கா தன் சிப்பாய்களில் சில ஆயிரம் பேரை அங்கே அனுப்பியது. ஒரு பகுதி வடக்கே ஆர்க்கேஞ்சலுக்குப் போனது. இன்னொரு பகுதி கிழக்கே சைபீரியாவுக்குப் போனது. அனுப்பும்போதே, ‘ரஷ்யாவின் உள்விவகாரங்களில் தலையிட மாட்டோம்’ என்று முறைப்படி அறிவித்துவிட்டார்கள். சொன்ன சொல் தவறவில்லை. தலையை மட்டும் இடவேயில்லை. கால் இட்டார்கள், கை இட்டார்கள், ரயில் பாதை நெடுக முகாம் இட்டார்கள். உலகப் போர் முடிந்து மற்ற சிப்பாய்களெல்லாம் ஊர் திரும்பிக்கொண்டிருந்தபோது, இவர்கள் மட்டும் பனியில் நின்றார்கள். எதற்கு நிற்கிறோம் என்று நிற்பவர்களுக்கும் தெரியாது, நிற்கச் சொன்னவர்களுக்கும் தெளிவாகத் தெரியாது. இப்படிப்பட்ட ஒற்றுமையை வேறு எந்தப் படையில் பார்க்க முடியும்?

இதையெல்லாம் எனக்குக் கற்பித்தவர் திரு. விநாயக் அவர்கள். ‘தலைமைப் பண்புச் சிற்பி’ என்று அவருடைய விசிட்டிங் கார்டில் அச்சிட்டிருக்கும். எங்கள் நிறுவனம் வருஷம் ஒருமுறை அவரை வரவழைத்து எங்களைச் செதுக்கச் சொல்லும். முந்தின வருஷம் எங்களை மரங்களைக் கட்டிப்பிடிக்க வைத்தார். அதற்கு முந்தின வருஷம் ஒரு சமோசாவை அரை மணி நேரம் மௌனமாகத் தின்ன வைத்தார். இரண்டினாலும் நிறுவனத்துக்குக் கிடைத்த நன்மையைச் சொற்களால் விவரிக்க இயலாது. இதுவரை யாரும் விவரிக்கவில்லை.

எங்கள் நிறுவனம் பெங்களூரு ஒயிட்ஃபீல்டில் இருக்கிறது. அமெரிக்காவில் ஒருவர் கால் உடைந்து ஆஸ்பத்திரிக்குப் போனால், அந்தக் கால் அவருடைய காப்பீட்டில் சேருமா சேராதா என்று முடிவு செய்வது நாங்கள்தான். பெரும்பாலும் சேராது. நான் அங்கே துணை மேலாளர். பெயர் மாணிக்கராஜ். வீடு கோலார் தங்கவயலின் ஊரிகத்தில். விடியற்காலை ரயிலேறி வேலைக்குப் போய், இருட்டின பிறகு ரயிலேறித் திரும்புகிற சில ஆயிரம் பேரில் நானும் ஒருவன். எங்கள் குழுத் தலைவி வினோலியாவும் ஊரிகத்துப் பெண்தான். அதே ரயில், அதே பெட்டி. இடம் கிடைத்தால் என் பையை வாங்கி மடியில் வைத்துக்கொள்வாள். நல்ல பெண். ஒரே ஒரு குறை, கேள்வி கேட்பாள்.

சித்திரையில் மனிதவளத் துறைத் தலைவி மமதா மேடம் ஒரு ‘உயர்மட்டக் கூட்டம்’ கூட்டினார். எட்டாவது மாடி என்பதால் உயர்மட்டத்தில் ஐயமில்லை.

“இந்த வருஷம் ஆஃப்சைட் ஸொல்ப டிஃபரென்ட்டா இருக்கணும்,” என்றார் மேடம். அலுவலகத்துக்கு வெளியே நடக்கும் எங்கள் வருடாந்தரச் செதுக்கலுக்கு ‘ஆஃப்சைட்’ என்றும், ‘கொஞ்சம்’ என்பதற்குக் கன்னடத்தில் ‘ஸொல்ப’ என்றும் பெயர். “வால்டர் சார் அமெரிக்காவுலேந்து பாக்கறார்.”

வால்டர் என்பவர் எங்கள் அமெரிக்கத் தலைமை அதிகாரி. அவரை நாங்கள் கழுத்துக்கு மேலேதான், அதுவும் திரையில்தான் பார்த்திருக்கிறோம்.

விநாயக் எழுந்தார். திரையில் பனிக்காட்டில் நிற்கும் சிப்பாய்களின் பழைய படம் ஒன்று வந்தது. “இவங்க யாரு?” என்றார். யாருக்கும் தெரியவில்லை. அந்தத் தெரியாமையில் அவருக்கு எல்லையில்லா மகிழ்ச்சி. நான் மேலே சொன்ன வரலாறு முழுவதையும் சொல்லி முடித்துவிட்டு, “நோக்கம் தெரியாமலே கடமையைச் செய்யறது! இதுக்குப் பேரு என்ன தெரியுமா? அலைன்மென்ட்!” என்றார்.

மேடம் அந்த வார்த்தையை இரண்டு தடவை உச்சரித்துப் பார்த்தார்.

“நாமளும் ஒரு சனிக்கிழமை அமெரிக்கச் சிப்பாய்களா மாறப்போறோம். அவங்க சைபீரியாவுல எதைக் காத்தாங்க? ஒரு ரயில் பாதை. ஒரு சுரங்கம். நம்ம பக்கத்துல ரயிலும் சுரங்கமும் சேர்ந்து எங்க இருக்கு?”

எல்லாரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். என் ஊருக்கு அப்படி ஒரு கௌரவம் அந்த அறையில் அதற்கு முன் கிடைத்ததில்லை. “சார், எங்க ஊர் பாலகாட்டில் பனியும் இருக்கிறது,” என்றேன் நான்.

பாலகாட் எங்கள் தங்கவயலிலேயே இன்னொரு பகுதி. அங்கே தங்கம் எடுத்த பிறகு மிஞ்சிய மண்ணைச் சுரங்கக் காலத்தில் மலை மலையாகக் கொட்டி வைத்தார்கள். அதற்கு எங்கள் பக்கம் சைனைட் டம்ப் என்று பெயர். வெயிலில் பார்த்தால் வெள்ளை வெளேரென்று கண்ணைக் கூச வைக்கும். காற்றடித்தால் அந்த மண் பறந்து மூக்கிலும் குழம்பிலும் விழும். இதுவரை எங்களுக்கு இருமலைத் தவிர வேறொன்றும் தராத அந்த மலை, அன்றைக்குத்தான் ‘சைபீரியா’ என்னும் பட்டம் பெற்றது.

“அண்ணா, அந்த டம்ப் பக்கத்துல லைன் வூடுங்க இருக்குது,” என்று என்னிடம் மெல்லச் சொன்ன வினோலியா, பிறகு குரலை உயர்த்தினாள். “சார், அங்க ஜனங்க குடியிருக்காங்க. அவங்களக் கேட்டீங்களா?”

“ரஷ்யாவுல யாரைக் கேட்டாங்க?” என்றார் விநாயக்.

ஆதாரபூர்வமான இந்தப் பதிலுக்குக் கூட்டம் கை தட்டியது. வினோலியா தட்டவில்லை.

குறித்த சனிக்கிழமை ஒரு பேருந்து நிறைய பாலகாட்டில் போய் இறங்கினோம். ஆளுக்கொரு கம்பளிக் கோட்டும் ஒட்டுப்பலகைத் துப்பாக்கியும் கொடுத்தார்கள். கோட்டுகள் வாடகைக்கு எடுத்தவை. கிறிஸ்துமஸ் தாத்தா வேஷத்துக்குத் தைத்ததைப் பழுப்புச் சாயத்தில் முக்கியிருந்தார்கள் என்று நினைக்கிறேன். என் கோட்டின் காலரில் வெள்ளைப் பஞ்சு கொஞ்சம் பாக்கி இருந்தது. எனக்கு ‘கார்ப்பரல்’ பதவி வழங்கப்பட்டது.

வெயில் மண்டையைப் பிளந்தது. “மைனஸ் முப்பதுன்னு ஃபீல் பண்ணுங்க!” என்றார் விநாயக். அவர் மட்டும் கதர்ச் சட்டை அணிந்திருந்தார். சிற்பி உளியடி படக்கூடாதல்லவா? கணக்குப் பிரிவுப் பையன் ஒருவன் அரை மணியில் மயங்கி விழுந்தான். அவனுக்குப் ‘பனிக்கடி’ என்று முடிவு செய்து, பேருந்து நிழலில் கிடத்தினோம். எதிரியைச் சந்திக்காமலேயே முதல் இழப்பைத் தாங்கிக்கொண்ட படை எங்களுடையது.

எதிரி விஷயத்தில் ஒரு சிறு சிக்கல் இருந்தது. சிவப்பர்களாகவும் வெள்ளையர்களாகவும் நடிக்க ஆள் ஏற்பாடு செய்யவில்லை. “அதெல்லாம் களத்துல தானா உருவாகும்,” என்றார் விநாயக். பிறகு, டம்பின் அடிவாரத்தில் இருந்த தெருவின் வாயில் குறுக்கே ஒரு மஞ்சள் நைலான் கயிறு கட்டச் சொன்னார். ஒரு முனையை விளக்குக் கம்பத்தில் கட்டினோம். மறுமுனையைக் கட்ட ஒன்றும் அகப்படவில்லை. நான் பிடித்துக்கொண்டேன்.

தெருவின் ஒரு பக்கம் சற்று மேடு. மறுபக்கம் பள்ளம். மேல் லைன், கீழ் லைன் என்று இரண்டு வரிசை வீடுகள். கீழ் லைனிலிருந்து ஜெயம்மா என்னும் பெண்மணி இடுப்பில் ஒரு குடமும் கையில் ஒரு குடமுமாக வந்தார். நாற்பத்தைந்து வயதிருக்கும். மாரிகுப்பத்தில் ஒரு பள்ளியில் சமையல் வேலை. கயிற்றுக்கு எதிரே நின்று எங்களை ஒரு தடவை மேலும் கீழும் பார்த்தார்.

“இன்னாப்பா இது, தெருவுல கவுறு கட்டிக்கினு? யாரு நீங்கள்லாம்?”

“அம்மா, நாங்க அமெரிக்கன் சோல்ஜர்ஸ்,” என்றார் விநாயக். “உங்க விவகாரத்துல தலையிட மாட்டோம். உங்களைப் பாதுகாக்கத்தான் வந்திருக்கோம்.”

“யார் கிட்டேந்து?”

“அது போகப் போகத் தெரியும்.”

ஜெயம்மாவின் பார்வை என் மேல் நின்றது. “நீ ஊரிகம் மாணிக்கராஜு தானே? நீ எப்பப்பா அமெரிக்கா போன? நேத்து சாயங்காலம் கூட மார்க்கெட்ல கருவாடு வாங்கிக்கினு இருந்தியே?”

‘களத்தில் இருக்கும் வீரன் உறவுமுறை பேசலாகாது’ என்பது விநாயக் கற்பித்த பாடம். நான் தூரத்து அடிவானத்தைப் பார்த்தேன்.

“த பாரு, நாளைக்கு என் பொண்ணுக்குச் சீமந்தம். ஆண்டர்சன்பேட்டைலேந்து சம்பந்தி வூட்டு ஜனம் மொத்தமும் வருது. இன்னைக்கு டேங்கர் வரும். அது வந்தா கவுற அவுத்துடணும். இன்னா, காதுல வுழுந்துச்சா?”

“நாங்க இருக்கோம், அக்கா. பாத்துக்கறோம்,” என்று வரிசையில் நின்ற வினோலியா சொன்னாள். அது உத்தரவில்லாமல் பேசப்பட்ட வாக்கியம்.

மேல் லைனிலிருந்து ராஜேந்திரன் என்னும் ஓய்வுபெற்ற பெரியவர் ஒரு குண்டான் நிறைய நீர்மோர் கொண்டுவந்து எங்களுக்கு ஊற்றினார். கொத்துமல்லி, இஞ்சி எல்லாம் தட்டிப் போட்டிருந்தது. அதைக் குடித்ததும் உலக நிலவரம் எங்களுக்குத் தெளிவாகிவிட்டது. மேல் லைன் வீடுகளுக்குச் சுண்ணாம்பு அடித்திருந்தது. கீழ் லைன் சுவர்களில் செம்மண் பூச்சு. “பாத்தீங்களா? ஒயிட்ஸ், ரெட்ஸ்! நான் சொன்னேன்ல, தானா உருவாகும்னு!” என்று விநாயக் என் காதருகே பூரிப்புடன் சொன்னார். மோர் கொடுத்தவர் ‘ஜனநாயக சக்தி’ ஆனார். கேள்வி கேட்ட ஜெயம்மா ‘தீவிரவாதப் போக்குள்ளவர்’ ஆனார்.

டேங்கர் வந்து கயிற்றுக்கு வெளியே நின்றது. ஓட்டிவந்தவர் ஃப்ரெடி. அந்தத் தெருவுக்கு எட்டு, பத்து நாளைக்கு ஒருமுறை தண்ணீர் வருகிறதென்றால் அது அவர் புண்ணியம். வண்டியின் சத்தம் கேட்டதும் இரண்டு லைனிலிருந்தும் குடங்களும் டிரம்களும் புறப்பட்டு வந்தன. கூடவே சண்டையும் வந்தது.

“போன தபா கீழேந்து ஆரம்பிச்சீங்க. இந்தத் தபா மேல் லைனு!”

“மேல இருக்கறவங்களுக்கு எல்லாமே மேலயே வோணுமா?”

பிறகு விசாரித்ததில், இந்தச் சண்டை ஒவ்வொரு தடவையும் நடப்பது என்று தெரிந்தது. கொஞ்ச நேரம் கத்துவார்கள். ஒருவரையொருவர் பிறப்பிலிருந்து தொடங்கி விசாரிப்பார்கள். அப்புறம் ராஜேந்திரன் எழுந்து, “சரி சரி, மேல ஒரு கொடம், கீழ ஒரு கொடம்,” என்பார். ஜெயம்மா, “அப்டிச் சொல்லு!” என்பார். ஆளுக்குப் பாதியாகத் தண்ணீர் போய்விடும். இது காட்டுமிராண்டித்தனமான ஏற்பாடு. இதில் மத்தியஸ்தருக்கு வேலையே இல்லை.

ஆனால் அன்றைக்கு மத்தியஸ்தர்கள் ஒரு பேருந்து நிறைய இருந்தோம்.

“சிவில் வார்!” என்று கூவினார் விநாயக். “ட்ரூப்ஸ், கேந்திர முக்கியத்துவம் வாய்ந்த பொருளைச் சுத்தி நில்லுங்க!” சைபீரியாவில் அமெரிக்கர்கள் கிடங்குகளைக் காத்ததுபோல நாங்கள் டேங்கரைச் சுற்றி வளைத்து, முதுகை வண்டிக்கும் ஒட்டுப்பலகையை மக்களுக்கும் காட்டி நின்றோம். நான் கயிற்றை விடாமலே போய்ச் சேர்ந்தேன். எங்கள் நிலைப்பாடு முழு நடுநிலையானது. தண்ணீர் சிவப்பருக்கும் கிடையாது, வெள்ளையருக்கும் கிடையாது.

“சார், நான் அடுத்த டிரிப்பு போவணும். கவுற அவுருங்க,” என்றார் ஃப்ரெடி.

“உங்க பாதுகாப்புக்காகத்தான்.”

“எனக்கின்னா ஆபத்து? இத்தினி வருசமா வரேன்.”

“அதான் ஆபத்து. உங்களுக்கே தெரியல.”

மேல் லைன் ராஜேந்திரனே எழுந்து வந்தார். “தம்பி, நாங்க பேசித் தீத்துக்குவோம். நீங்க நவுந்துக்கோங்க,” என்றார். விநாயக் அவரைக் கைகூப்பி வணங்கி, “நீங்க எங்க கூட்டாளி. உங்களுக்காகத்தான் நிக்கறோம்,” என்றார். பெரியவர் காலி மோர்க் குண்டானை எடுத்துக் கவிழ்த்து வைத்தார். மோர் ஊற்றியதில் அவருக்கு வருத்தம் இருந்ததாக எனக்குத் தோன்றியது.

கூட்டம் நெருங்கியது. “பின்னாடி நகர்ந்து நெருக்கமா நில்லுங்க!” என்று உத்தரவு வந்தது. நகர்ந்தோம். அப்போது பொறுப்புள்ள ஓர் அதிகாரியின் கம்பளிக் கோட்டு டேங்கரின் வால்வுக் கைப்பிடியில் மாட்டிக்கொண்டது. அவர் இழுத்தார். கோட்டு வரவில்லை, கைப்பிடி வந்துவிட்டது. அந்த அதிகாரியின் பெயர் வரலாற்றுக்குத் தேவையில்லை.

“அடேய் மாணிக்கராஜு! பாவி! தண்ணிய வுட்டுட்டானே!” என்று ஜெயம்மா அலறினார்.

கைப் பருமனுக்குத் தண்ணீர் பீறிட்டது. தெருச் சரிவில் இறங்கி, நேராக டம்பின் வெள்ளை மண்ணை நோக்கி ஓடியது. அந்த மண் அதை ஒரு சத்தமும் இல்லாமல் குடித்துக்கொண்டேயிருந்தது. இரண்டு லைன் ஜனங்களும் ஒரு கணம் அப்படியே நின்றுவிட்டார்கள். ஜெயம்மா மட்டும் இடுப்புக் குடத்தைக் கீழே வைத்துவிட்டு, கயிற்றுக்கு அந்தப் பக்கம், போகிற தண்ணீரையே பார்த்தபடி வாயைப் பொத்திக்கொண்டார்.

“யாரும் நகரக் கூடாது! பொசிஷன்ல நில்லுங்க!” என்றார் விநாயக்.

நாங்கள் நகரவில்லை. அந்த நேரத்தில் எங்களிடம் இருந்த கட்டுப்பாட்டை நினைத்தால் இன்றும் உடல் சிலிர்க்கிறது. கால் நனைந்தது, ஷூவுக்குள் தண்ணீர் புகுந்தது, ஆனாலும் நேராக நின்றோம். ஒரு சொட்டுத் தண்ணீர்கூட எந்தத் தரப்பின் கைக்கும் போகவில்லை. தண்ணீரைக் காக்க வந்த படை, தண்ணீர் தீரும் வரை அதைக் காத்து நின்றிருக்கும்.

வினோலியாதான் கெடுத்தாள்.

“இன்னாத்துக்கு நிக்கறோம்?” என்றாள். யாரிடம் கேட்டாள் என்று தெரியவில்லை. மறுபடியும், இன்னும் சத்தமாக, “அண்ணா, நாம இன்னாத்துக்கு இங்க நிக்கறோம்?” என்று என்னையே கேட்டாள்.

“கேள்வி கேட்கும் இடமா இது?” என்றேன் நான்.

அவள் துப்பாக்கியைக் கீழே போட்டாள். கம்பளிக் கோட்டைக் கழற்றிச் சுருட்டி, ஓடிப்போய் அந்தக் குழாயின் வாயில் வைத்துத் திணித்தாள். தண்ணீர் அவள் முகத்தில் அடித்தது. “ஃப்ரெடி அண்ணா, புடிங்க!” என்று கத்தினாள். ஃப்ரெடி தோளைக் கொடுத்து முட்டினார். பில்லிங் பிரிவு ஆட்கள் ஒருவர் பின் ஒருவராகக் கோட்டைக் கழற்றிப் போட்டுவிட்டு ஓடினார்கள். வினோலியாவையும் சேர்த்து மொத்தம் ஒன்பது பேர் போனார்கள். அவர்களில் ஒருவனாக, பனிக்கடி வாங்கிய பையன்கூட எழுந்து வந்து ஒரு டிரம்மைத் தூக்கினான். ஒருத்தி ஜெயம்மாவின் கையைப் பிடித்து, “வாங்கக்கா, கொடத்தக் குடுங்க,” என்று கயிற்றுக்குக் கீழே குனிய வைத்து இழுத்துப்போனாள்.

கயிற்றை அறுக்கக்கூட அவர்களுக்கு நேரமில்லை. அதன் அடியிலும் மேலுமாகப் போனார்கள். மேல் லைன், கீழ் லைன் எல்லாம் கலந்துவிட்டது. கோட்டைக் கொஞ்சம் தளர்த்தி ஒரு குடம் மேலே, ஒரு குடம் கீழே என்று பிடித்தார்கள். ராஜேந்திரன் நின்று எண்ணிக் கூவினார். பாதித் தண்ணீராவது தப்பியது என்று பேசிக்கொண்டார்கள். இராணுவ நோக்கில் அதைப் பாதி தோல்வி என்றுதான் கொள்ள வேண்டும்.

என் கையில் கயிற்று முனை இருந்தது. கடைசி வரை விடவில்லை.

மாலையில் நாங்கள் பேருந்து ஏறினோம். ‘பின்வாங்கல்’ என்று சொல்லாதீர்கள், அது ‘மறுநிலைகொள்ளல்’. கலகக்காரர்கள் ஒன்பது பேரும் வரவில்லை. வால்வைச் சரிபார்க்க ஆள் கூட்டிவரப் போனார்களாம். மறுநாள் சீமந்தத்துக்கும் போய் ஐந்து வகைச் சோறும் வடையும் சாப்பிட்டார்களாம். வினோலியாவின் கை நிறைய ஜெயம்மா கண்ணாடி வளையல் போட்டுவிட்டாராம். எதிரித் தரப்பிடம் சன்மானம் வாங்குவது எந்தப் படையிலும் குற்றம்.

திங்கட்கிழமை எட்டாவது மாடியில் ‘அனுபவப் பகிர்வு’ நடந்தது. மேடம், விநாயக், நான் மூவர் மட்டுமே. வெளியே கண்ணாடிக் கதவுக்கு அப்பால், வழக்கம்போல எல்லாரும் அமெரிக்கக் கால்களை நிராகரித்துக்கொண்டிருந்தார்கள்.

“மாணிக்கராஜ் அவ்ரே,” என்றார் மேடம். அவர் என்னை அவ்வளவு மரியாதையாக அழைத்தது அதுவே முதல் தடவை. “கயிறு தாண்டிப் போனது யார் யாரு?”

“எதற்கு மேடம்?” என்று நான் கேட்கவில்லை. இதைக் கவனிக்க வேண்டும். கேட்டிருக்கலாம். வாய் வரைக்கும் வந்தது. ஆனால் அலைன்மென்ட் என்றால் என்ன என்று அதற்குள் நான் கற்றிருந்தேன். ஒன்பது பெயரையும் வரிசையாகச் சொன்னேன். வினோலியாவின் பெயரை முதலில் சொன்னேன், ஏனென்றால் அவள்தான் முதலில் போனாள். நேர்மை முக்கியம்.

“வெரி குட்,” என்றார் மேடம். “எப்டியும் ஒம்பது, பத்து பேரக் கொறைக்கணும்னு இருந்துது. யாரக் கொறைக்கறதுன்னு தெரியாம ராத்திரி தூக்கமே இல்ல. இப்ப க்ளாரிட்டி ஆயித்து.”

“இதுதான் களப்பயிற்சியோட பலன்,” என்றார் விநாயக் அடக்கமாக.

வெள்ளிக்கிழமை ஒன்பது பேரையும் தனித்தனியே கூப்பிட்டு, ‘நோக்கத்தோடு ஒத்திசையாமை’ என்னும் காரணம் சொல்லி, கௌரவமாக விடுவித்தார்கள். யார் மேலும் கோபமில்லை என்று ஒவ்வொருவரிடமும் சொல்லப்பட்டது. எனக்குத் ‘துணை’ என்ற சொல் நீங்கி, வெறும் மேலாளர் என்ற பதவி கிடைத்தது. துணையில்லாமல் இருப்பதுதான் உயர்வு என்று அன்று உணர்ந்தேன்.

அன்று மாலை ரயிலில் வினோலியா எனக்கு எதிரே வந்து உட்கார்ந்தாள். அலுவலக மேசையில் இருந்த கப்பும் ஒரு சின்னச் செடித் தொட்டியும் ஒரு பிளாஸ்டிக் பையில் அவள் மடியில் இருந்தன. டைக்கல் ஸ்டேஷன் தாண்டும் வரைக்கும் அந்தச் செடியின் இலைகளைத் துடைத்துக்கொண்டிருந்தாள். வளையல் மட்டும் சத்தம் போட்டுக்கொண்டிருந்தது.

“அண்ணா, எம் பேர நீங்களா சொன்னீங்க?”

“நான் எதிலும் தலையிடவில்லை, வினோலியா. கேட்டார்கள், சொன்னேன்.”

“எங்க அப்பாக்கு இருமல் ஜாஸ்தியாயிட்ச்சு. தெரியுமில்ல உங்களுக்கு? மாசா மாசம் மருந்து வாங்கணும்.”

“தெரியும். போன மாதம்கூட வந்து பார்த்தேனே.”

“அதான் கேக்கறேன். தெரிஞ்சே சொன்னீங்களா?”

ஜன்னலுக்கு வெளியே பார்த்தேன். இருட்டில் ஒன்றும் தெரியவில்லை, என் முகம்தான் கண்ணாடியில் தெரிந்தது. அதனால் கீழே பார்த்தேன். அவள் மேற்கொண்டு கேட்கவில்லை. கேள்வி கேட்கும் பெண் கேட்பதை நிறுத்திவிட்டாளே, பயிற்சி இவ்வளவு விரைவாகப் பலன் கொடுத்துவிட்டதே என்று நான் வியந்தேன். ஊரிகத்தில் இறங்கும்போது என் பையை நானே எடுத்துக்கொண்டேன்.

அதற்கு அடுத்த வாரம் அந்தப் பெருநாள் வந்தது. எங்கள் சாதனையை அமெரிக்காவுக்கு நேரில் எடுத்துரைக்கும் நாள். பெரிய திரையில் வால்டர் கழுத்துக்கு மேலே தோன்றினார். நாங்கள் மூவரும் கோட்டு சூட்டில் வரிசையாக உட்கார்ந்தோம். மேடம் வரவேற்றார். விநாயக் படம் படமாகக் காட்டினார்: பனிமலை, கயிறு, டேங்கரைச் சுற்றிய வியூகம். வால்டர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு முன்னால் குனிந்தார்.

“கொஞ்சம் பொறுங்கள். எங்கள் சிப்பாய்களா? ரஷ்யாவிலா?”

“ஆமாம் சார். ஆர்க்கேஞ்சல், சைபீரியா. ஆயிரக்கணக்கில். சில நூறு பேர் அங்கேயே செத்துப்போனார்கள்.”

“நான் கேள்விப்பட்டதே இல்லையே. பள்ளிக்கூடத்தில் யாரும் சொல்லவில்லையே. அவர்கள் அங்கே எதற்குப் போனார்கள்?”

விநாயக் மேடத்தைப் பார்த்தார். மேடம் என்னைப் பார்த்தார். நிறுவனத்தின் மானம் என் கையில் இருந்தது. நான் எழுந்து நின்று, என் வாழ்க்கையிலேயே மிகத் தெளிவான ஆங்கிலத்தில் சொன்னேன்:

“சார், எங்கள் குழுவில் யாருக்கும் அந்தச் சந்தேகம் கிடையாது. ‘எதற்கு’ என்று கேட்டவர்கள் ஒன்பது பேர் இருந்தார்கள். தண்ணீர் வீணாகிறது என்று உத்தரவை மீறி ஓடிப்போய் அடைத்தவர்களும் அவர்களேதான். எல்லாரையும் அனுப்பிவிட்டோம்.”

வால்டர் அசையவில்லை. இணைய இணைப்பு அறுந்துவிட்டது என்று நினைத்து மேடம் கம்பியை ஆட்டிப் பார்த்தார். இணைப்பு நன்றாகத்தான் இருந்தது. கடைசியில் அவர் கண்ணாடியைக் கழற்றினார்.

“அப்படியென்றால், இப்போது அங்கே மிச்சம் இருப்பது யார்?” என்று கேட்டார்.

நாங்கள் மூவரும் கேமராவைப் பார்த்துப் பெருமையுடன் கை அசைத்தோம்.